வீடு கடிக்குது

தைவானின் கீலுங் துறைமுக ஊரில், எங்கள் கடை இருக்கும் கட்டடத்தில் குளிக்கப் போனால் லேசாக ஷாக் அடிக்கும். ஆனால் அங்கே குடியிருப்பவர்கள் யாரும் அதை ஷாக் என்று சொல்ல மாட்டார்கள். "வீடு கடிக்குது" என்பார்கள், செல்லமாக வளர்க்கிற நாயைப் பற்றிப் பேசுவதுபோல. ஷவர் குழாயைத் தொட்டால் விரல் நுனியில் சுருக்கென்று ஒரு கடி. ஈரக் கை சுவிட்ச் பெட்டியின் திருகில் பட்டால் இன்னொரு கடி. இதற்கு நான்கு வீட்டுக்காரர்களும் சேர்ந்து கண்டுபிடித்த மருந்து, நீலப் பட்டை போட்ட ரப்பர் செருப்பு. செருப்போடு உள்ளே போய், செருப்போடு குளித்து, செருப்போடு வெளியே வருவார்கள். கேட்டால், "கீலுங்ல எந்த வீட்டுச் சுவர்தான் காஞ்சு கிடக்கு?" என்று பழியைத் தூக்கி மழையின் தலையில் போட்டுவிடுவார்கள்.

இரண்டு வருஷமாக இந்தக் கூத்து நடந்திருக்கிறது. எனக்குத் தெரியாது. நான் துறைமுகத்துக்கு அந்தப் பக்கம் தனியாகக் குடியிருக்கிறேன். காலையில் கடைக்கு வருவேன், சாயந்திரம் போவேன், அங்கே குளிப்பதில்லை. அவர்களும் என்னிடம் வாய் திறக்கவில்லை. ஏன் என்று பின்னால் கேட்டதற்கு நான்காம் மாடி போ-சு சொன்னாள்: "உங்கிட்ட சொன்னா திட்டுவியே, லியன்."

திட்டத்தான் செய்வேன். பெயர் ஆங் பெக்-லியன், வயது நாற்பத்தாறு, மின்சார வேலைக்கான அரசாங்க உரிமம் வாங்கியவள். எங்கள் ஊரில் தண்ணீர்க் குழாய் வேலையும் மின்சார வேலையும் ஒரே கடையில்தான் செய்வார்கள். எங்கள் கடையில் மின்சாரம் நான் பார்ப்பேன், குழாய் என் அண்ணன் கிம்-தோக் பார்ப்பான். அப்படித்தான் பேச்சு. ஆனால் அவன் கையில் இடுக்கி இருந்தால் எதிரே இருப்பது குழாயா ஒயரா என்று பார்ப்பதில்லை.

தரைத்தளத்தில் கடை. முதல் மாடியில் அண்ணனும் அண்ணி லே-ஹுன்னும். இரண்டாம் மாடியில் துறைமுகத்தில் கிரேன் ஓட்டி ஓய்வு பெற்ற கோ. மூன்றாம் மாடியில் தெங் வாத்தியார். நான்காம் மாடியில் போ-சு, வீட்டிலேயே பெண்களுக்கு முடி வெட்டுகிறவள். அந்த நவம்பரில் அண்ணன் வட்டாரத் தலைவர் தேர்தலுக்கு நின்றான். இரண்டாம் எண் வேட்பாளர். ஆரஞ்சு நிறத்தில் கையில்லாத சட்டை, முதுகில் பெரிய எழுத்தில் பெயர். தன் சிரித்த முகத்தை அச்சடித்த காகிதக் கைக்குட்டைப் பொட்டலங்களைத் தெருத்தெருவாகக் கொடுத்துக்கொண்டிருந்தான். அவன் முகத்தில் மூக்கைச் சிந்தாத ஆள் எங்கள் வட்டாரத்தில் இல்லை.

சனிக்கிழமை வாக்குப்பதிவு. வியாழக்கிழமை காலையில் போ-சு கடைக்கு இறங்கி வந்தாள். தலை கழுவ உட்கார்ந்த ஒரு அம்மாள் பேசின் குழாயைப் பிடித்துக்கொண்டு எழப்போய், வீலென்று கத்தி, ஈரத் தலையோடு மாடிப்படி இறங்கி ஓடிவிட்டாளாம்.

"எப்பவும் கடிக்கிறதுதான். இந்த வாரம் கொஞ்சம் கோவமாக் கடிக்குது" என்றாள் போ-சு.

"எப்பவுமா? எப்பவும்னா எப்பத்திலேர்ந்து?"

"பாத்தியா, ஆரம்பிச்சுட்டே. அதுக்குத்தான் சொல்லல."

மீட்டரையும் திருப்புளியையும் எடுத்துக்கொண்டு ஏறினேன். குளியலறைக்கு வெளியே வெந்நீர் ஹீட்டர் சுவிட்சின் இரும்புப் பெட்டியைத் திறந்தேன். பச்சை ஒயர் இருந்தது. எர்த்துக்கென்று பெட்டிக்குள் தனியாக ஒரு திருகு உண்டு. அது காலியாகக் கிடந்தது. பச்சை ஒயரை மூடியைப் பிடிக்கிற திருகுக்கு அடியில் சுற்றி வைத்திருந்தார்கள். மூடியைக் கழற்றினால் எர்த்தும் கழன்றுவிடும். ஒயரின் தடிமனோ, வாசல் மணிக்கு இழுக்கிற ஒயர் அளவுகூட இல்லை. இது யார் கைவேலை என்று எனக்குப் பார்த்ததும் தெரிந்தது. எங்கள் கடைத் தட்டில் மிச்சமாகக் கிடந்த சுருள் அது.

அந்தப் பச்சை ஒயர் சுவர் வழியே பின்பக்கம் போய், தரையிலிருந்து மொட்டைமாடித் தொட்டிவரை ஏறும் பழைய இரும்புக் குழாயில் கவ்வி நின்றது. நான்கு வீட்டுப் பச்சை ஒயரும் அந்தக் குழாயில்தான். பழைய கட்டடங்களில் எல்லாரும் செய்கிற வேலைதான் அது. தண்ணீர்க் குழாய் மண்ணுக்குள் போகிறது, ஆகவே கசிகிற மின்சாரமும் மண்ணுக்குள் போய்விடும் என்ற கணக்கு. சட்டப்படி சரியில்லை. ஆனால் குழாய் இரும்பாக இருந்த வரையில் அது ஆளைக் கொல்லாமல் வைத்திருந்தது.

பின்கட்டு மண்ணில் ஒரு செம்புக் கம்பியை அடித்து இறக்கினேன். அதிலிருந்து நீளமாக ஒயர் இழுத்து, இரும்புக் குழாயில் மீட்டர் வைத்துப் பார்த்தேன். மண்ணுக்குள் போகிற குழாயில் ஒன்றும் இருக்கக் கூடாது. மீட்டர் நாற்பத்தொரு வோல்ட் காட்டியது.

குழாயோடு கண்ணை ஓட்டிக்கொண்டே கீழே வந்தேன். கடையின் பின்சுவர் மறைவில், தரையிலிருந்து கூரை உயரம் வரை, குழாய் சாம்பல் நிறத்தில் பளபளவென்று இருந்தது. பிளாஸ்டிக்.

இரண்டு வருஷத்துக்கு முன் குழாயின் அடிப்பகுதி துருப்பிடித்து ஒழுகியது. அண்ணன் அந்த ஒரு துண்டை மட்டும் வெட்டி எடுத்துவிட்டு பிளாஸ்டிக் குழாய் போட்டான். சுத்தமான வேலை, ஒரு சொட்டு ஒழுகவில்லை. குழாய்க்காரனாக இருந்தவன் குழாயை மாற்றினான். அந்தக் குழாயைத்தான் எர்த் என்று நம்பி நான்கு வீட்டு ஒயர்களையும் கட்டியவனும் அவனே என்பதை மறந்துவிட்டான். எலக்ட்ரீஷியன் ஒருவன், குழாய்க்காரன் ஒருவன் என்று இரண்டு பேர் இருக்கிற ஊரில்கூட யாராவது ஒருவர் கேட்டிருப்பார். இங்கே இரண்டும் ஒரே மண்டை. அந்த மண்டைக்குள் யாரும் யாரையும் கேட்கவில்லை.

இப்போது மேலே மிச்சமிருந்த இரும்பு அந்தரத்தில் தொங்கியது. நான்கு வீட்டு ஹீட்டர்களும், இரும்புப் பெட்டிகளும், ஷவர்களும் அதில் ஒன்றாகக் கட்டப்பட்டிருந்தன. மண்ணோடு எந்த உறவும் இல்லை. வீடுகளுக்குள் பிரியும் குழாய்கள் எப்போதோ பிளாஸ்டிக்காக மாறிவிட்டதால், பச்சை ஒயர் ஒன்றுதான் வீடுகளுக்கு நடுவே பாலம். எங்கேயோ ஒரு ஹீட்டர் உள்ளுக்குள் கெட்டுக் கசிந்துகொண்டிருந்தது. அந்தக் கசிவை நான்கு வீடுகளும் பங்கு போட்டுக் கடி வாங்கிக்கொண்டிருந்தன. அது எந்த ஹீட்டர் என்று கண்டுபிடித்து அணைக்காவிட்டால், ஒரு நாள் அது முழுசாக விட்டுக்கொடுக்கும். அன்றைக்குக் குளிக்கிற ஆள் எழுந்து வர மாட்டார்.

ஒவ்வொரு வீடாக ஏறினேன். ஒரு ஹீட்டரை அணைத்துவிட்டுக் குழாயில் மீட்டர் வைப்பேன், எண் விழுகிறதா என்று பார்ப்பேன். போ-சு வீட்டில் அணைத்தேன், விழவில்லை. தெங் வாத்தியார் வீட்டில் பிரேக்கர் பெட்டியைத் திறந்தால், கரண்டு மிஞ்சினால் தானாக விழுந்து அணைக்க வேண்டிய பிரேக்கர் ஐம்பது ஆம்பியராக இளித்தது.

"முப்பதுதானே இருந்துச்சு, வாத்தியாரே?"

"அடிக்கடி விழுந்துச்சும்மா. குளிச்சிக்கிட்டு இருக்கும்போதே வெந்நீர் நின்னு போகும். அதான் பெருசா ஒண்ணு வாங்கி நானே மாட்டிட்டேன். இப்ப விழறதே இல்ல."

"விழாதுதான். அம்பது ஆம்பியர் ஓடுனாலும் சும்மா பாத்துக்கிட்டு நிக்கும். பிள்ளைங்களுக்கு என்ன பாடம் எடுத்தீங்க?"

"வரலாறு" என்றார் பாவம்.

அங்கேயும் மீட்டரில் எண் விழவில்லை. கோ வீட்டிலும் விழவில்லை. மூன்று வீடும் அணைந்திருக்க, மீட்டர் நாற்பத்தொன்றிலேயே நின்றது. மீதி இருந்தது ஒரே வீடு. முதல் மாடி, என் அண்ணன் வீடு.

அப்போது மத்தியானம் மூன்று மணி. கீழே வந்தேன். கடை வாசலில், தார்ப்பாய்க்கு அடியில், அண்ணன் பதினைந்து இருபது பேரோடு நின்றிருந்தான். அண்ணி பெரிய பாத்திரத்தில் மீன் உருண்டைச் சூப் வைத்து எல்லாருக்கும் ஊற்றிக்கொண்டிருந்தாள். அவனைத் தனியாகக் கூப்பிட்டுச் சொல்லியிருக்கலாம். புத்தியுள்ள யாரும் அப்படித்தான் செய்திருப்பார்கள். நான் மீட்டரைக் கையில் பிடித்துக்கொண்டு எல்லார் முன்னாலும் கத்தினேன்.

"அண்ணே, இந்தக் கட்டடத்தோட எர்த்த அறுத்தது நீதான். பின்னாடி பிளாஸ்டிக் போட்டியே, அன்னைக்கே எல்லாத்துக்கும் எர்த் போச்சு. ரெண்டு வருஷமா எல்லாரும் உன்னால கடி வாங்குறாங்க. கசியறதும் உன் வீட்டு ஹீட்டர்தான்."

சூப் குடித்துக்கொண்டிருந்தவர்கள் கிண்ணத்தை வாயிலேயே வைத்துக்கொண்டு நின்றார்கள். அண்ணன் சிரித்தான். அந்தச் சிரிப்பை எனக்குத் தெரியும். பொட்டலத்தில் அச்சடித்த அதே சிரிப்பு.

"என் தங்கச்சி," என்றான் கூட்டத்தைப் பார்த்து. "உரிமப் பரீட்சைய மூணு தடவ எழுதுனவ. மூணு தடவ படிச்சதால எல்லாத்தையும் மூணு பங்கா சொல்லுவா."

எல்லாரும் சிரித்தார்கள். கோகூடச் சிரித்தார்.

"சிரிங்க. மேலேருந்து கீழ வரைக்கும் புதுசா எர்த் இழுக்கணும். மண்ணுல செம்புக் கம்பி இறக்கணும். ஒவ்வொரு பெட்டிக்கும் தனித் திருகு, தனி ஒயர். முப்பது ஆம்பியர் பிரேக்கருக்கு மூணரை சதுர மில்லிமீட்டர் ஒயரு. வாத்தியார் மாட்டி வச்சிருக்கிற அம்பதுக்கு அஞ்சரை. உன் மணி ஒயரு ஆகாது."

"ஏண்டி, பச்சை ஒயர்ல கரண்டே ஓடாது. ஓடாத ஒயருக்கு எதுக்குடி தடிமன்? ஊரான் வீட்டுச் செம்புன்னா உனக்கு அவ்வளவு இளப்பமா?"

"தினமும் ஓடாதுதான். ஓடுற ஒரு நாள்ல பிரேக்கர் விழுற வரைக்கும் அது தாங்கணும். தாங்காத ஒயரு முதல்ல வெந்து அறுந்து போகும், பிரேக்கர் நின்னுக்கிட்டே இருக்கும். அதனாலதான் எர்த் ஒயர பிரேக்கரப் பாத்துப் போடறது. கடைத் தட்டுல என்ன மிச்சம் கிடக்குன்னு பாத்துப் போடறது இல்ல."

"சரி சரி. நாளான்னைக்கு ஓட்டு. இப்பப் போயி கட்டடத்தக் கொத்தச் சொல்றியா? கடிக்கக் கூடாது, அவ்வளவுதானே? பத்து நிமிஷத்துல நிறுத்திக் காட்டறேன்" என்றான் அண்ணன். பிறகு கூட்டத்துக்குக் கண்ணடித்து, "கல்யாணம் ஆகாத பொம்பளைக்கு எல்லாமே ஷாக்குதான்" என்றான்.

இந்தத் தடவை சிரிப்பு இன்னும் பலமாக இருந்தது. எனக்குக் காதுவரை சுட்டது. என் பையைத் தூக்கித் தோளில் போட்டேன்.

அண்ணி கரண்டியோடு பின்னாலேயே ஓடி வந்தாள். தெருமுனை வரைக்கும் வந்தாள், குடைகூட எடுக்காமல். முப்பது வருஷமாக எங்கள் இரண்டு பேர் சண்டைக்கும் நடுவே ஓடிக்கொண்டிருப்பவள்.

"லியன், அவர் ஓட்டு மயக்கத்துல பேசறார். மனசுல வச்சுக்காத. நீ வா, மேல வந்து எங்க ஹீட்டரப் பாத்துட்டுப் போ. எனக்கும் ஒரு வாரமா ரொம்பக் கடிக்குது. ரெண்டு உருண்டை சூப் குடிச்சிட்டுப் பாரு."

"உங்க புருஷன் இருக்காருல்ல? அவரையே பாக்கச் சொல்லுங்க."

"அவருக்கு என்ன தெரியும்? நீதான் பாக்கணும்."

"நான் இனி அந்தப் படி ஏற மாட்டேன் அண்ணி."

நனைந்த தலையோடு அங்கேயே நின்றாள். நான் திரும்பிப் பார்க்காமல் பஸ் ஏறிவிட்டேன். மேலே ஏறாவிட்டால் போகட்டும். 'அண்ணி, ஹீட்டரை அணைச்சு வைங்க' என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். அதற்குக் கோபம் தணிய வேண்டியதுகூட இல்லை. கோபத்தோடேயே சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை.

அன்று மாலை அண்ணன் ஆரஞ்சுச் சட்டையோடு வீடு வீடாக ஏறியிருக்கிறான். கையில் இடுக்கி. ஒவ்வொரு வீட்டிலும் பெட்டியைத் திறந்து பச்சை ஒயரை வெட்டிவிட்டு, ஒரு பொட்டலம் கைக்குட்டையும் கொடுத்துவிட்டு இறங்கியிருக்கிறான். வெள்ளிக்கிழமை நான் கடைக்குப் போகவில்லை. காலையில் போ-சுவிடமிருந்து செய்தி வந்தது: 'கடி நின்னுபோச்சு! உங்க அண்ணன் பத்தே நிமிஷத்துல சரி பண்ணிட்டார். இன்னைக்குச் செருப்பில்லாம குளிச்சேன்.'

படித்ததுமே என்ன செய்திருக்கிறான் என்று எனக்குப் புரிந்தது. அந்த மூன்று வீடும் பாலத்தை வெட்டிக்கொண்டு தப்பித்துவிட்டன. இத்தனை நாள் நான்கு வீடு பங்கு போட்டதை இனி ஒரே வீடு வாங்கும். அவன் வீடு. அப்போது நான் என்ன நினைத்தேன் என்பதை மறைக்காமல் சொல்லிவிடுகிறேன். ஒரு நாள் அவனை நன்றாகக் கடிக்கட்டும், அப்போதுதான் புத்தி வரும் என்று நினைத்தேன். தேநீர் போட்டுக் குடித்தேன். கைபேசியை அணைத்து வைத்துவிட்டு மத்தியானம் தூங்கினேன்.

அண்ணி அன்று காலை முழுக்க மழையில் துண்டுச்சீட்டு கொடுத்திருக்கிறாள். நாலு மணிக்கு உடம்பெல்லாம் நனைந்து வந்து குளிக்கப் போனாள். ஐந்து மணிக்கு அண்ணன் கதவை உடைத்தான். பதறிக்கொண்டு எல்லா சுவிட்சையும் அணைத்தானா, ஆம்புலன்ஸ்காரர்கள் அணைத்தார்களா, அவனுக்கே நினைவில்லை. ஆஸ்பத்திரியில் வயதைக் கேட்டார்கள், ஐம்பத்தேழு. குளிர்காலம், ஈரம், அலைச்சல், குளியலறை. இதயம் நின்றுவிட்டது என்று எழுதிக் கொடுத்தார்கள். எங்கள் ஊரில் குளிர்காலக் குளியலறையில் இதயம் நிற்பது புதிதில்லை. எல்லாரும் தலையசைத்தார்கள். நானும் தலையசைத்தேன்.

இதயமாகத்தான் இருக்கும் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். மீட்டர் என் பையில்தான் இருந்தது. படி ஏறி ஒரு நிமிஷம் வைத்துப் பார்த்தால் தெரிந்துவிடும். தெரிந்துவிடும் என்பதால்தான் ஏறவில்லை.

அவர்கள் மகள் ஷூ-ஹான் தைச்சுங் நகரத்தில் நர்ஸ். வெள்ளி இரவு ரயிலில் வந்து நேராகச் சடங்குக் கூடத்துக்குப் போய் அம்மா பக்கத்தில் உட்கார்ந்தவள் சனிக்கிழமை மத்தியானம்வரை எழவில்லை. அழவும் இல்லை. அம்மாவின் வலது கையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டு உள்ளங்கையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"அத்தை, இங்க பாரு. பெருவிரலுக்கு அடியில. மிளகு அளவுக்கு வெள்ளையா, நடுவுல குழிஞ்சு இருக்கு."

"சூப் கொதிக்க வச்சுக்கிட்டு இருந்தா. கரண்டி சுட்டிருக்கும்" என்றான் அண்ணன் பக்கத்திலிருந்து.

ஷூ-ஹான் அவனைப் பார்க்கவில்லை. என்னைப் பார்த்தாள். மின்சாரம் உடம்புக்குள் நுழைந்த இடம் அப்படித்தான் இருக்கும். நான் ஊதுபத்தி மாற்றுவதற்காக எழுந்தேன்.

அன்றைக்கு வட்டாரம் முழுக்கப் போய் அண்ணனுக்கு ஓட்டுப் போட்டது. பெண்டாட்டியைப் பறிகொடுத்த மனுஷனுக்குப் போடாமல் யாருக்குப் போடுவார்கள்? ஆறு மணிக்கெல்லாம் அவன் ஜெயித்துவிட்டது தெரிந்துபோனது. துக்க வீடு, பட்டாசு வேண்டாம் என்று அண்ணன் சொன்னான். ஆனால் அடுத்த தெருப் பையன்கள் கேட்கவில்லை. கடை வாசலில் ஆரஞ்சுச் சட்டைக்கு மேலே துக்கத்துக்கு அடையாளமாகச் சின்னத் துணி குத்திக்கொண்டு நின்று எல்லாருக்கும் தலை வணங்கினான். கண்ணெல்லாம் சிவந்திருந்தது. அது நடிப்பில்லை, எனக்குத் தெரியும். அவளில்லாமல் அவனுக்குக் காலுறைகூட எங்கே இருக்கிறதென்று தெரியாது.

போ-சு என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதாள். "நல்லவேளை லியன், உங்க அண்ணன் முந்தின நாளே அந்த ஒயரையெல்லாம் வெட்டி விட்டார். இல்லேன்னா கரண்டு அடிச்சிடுச்சோன்னு நாம எல்லாரும் சந்தேகப்பட்டிருப்போம்."

நான் கையை விடுவித்துக்கொண்டேன். கடைக்குள்ளே போய் ஷூ-ஹான் எங்கே என்று தேடினேன். காலையிலிருந்து அவள் எதுவும் சாப்பிடவில்லை.

"மேல போனா. ரெண்டு நாளா போட்ட துணியோட இருக்கா பிள்ளை, நனைஞ்சு வேற வந்தா. ஹீட்டரப் போட்டுட்டு வெந்நீர்ல குளிச்சிட்டு வாம்மான்னு நான்தான் அனுப்பினேன்" என்றார் கோ.

எப்படி ஏறினேன் என்று தெரியாது. கதவு திறந்துதான் இருந்தது. கூடத்தில் விளக்கு எரிந்தது. ஷூ-ஹான் தோளில் துண்டோடு குளியலறை வாசலில் நின்று செருப்பைக் கழற்றிக்கொண்டிருந்தாள். ஹீட்டர் சுவிட்சில் சிவப்பு விளக்கு எரிந்தது.

"தொடாத!" என்று கத்தினேன். "எதையும் தொடாத! வெளிய வா!"

அவளைத் தள்ளிக்கொண்டு போய் பிரேக்கர் பெட்டியைத் திறந்து ஹீட்டர் பிரேக்கரைக் கீழே இழுத்தேன். அவள் சுவரில் சாய்ந்து நின்று என்னையே பார்த்தாள். பயந்த முகம் இல்லை. இரண்டு நாளாகத் தேடிய ஒன்று கிடைத்த முகம்.

"இப்பக் கடிக்கிறதில்லன்னு அப்பா சொன்னாரே?"

"ஹீட்டர் கெட்டுப்போச்சு. நாளைக்குக் கழட்டிடறேன். போ-சு வீட்டுல போய்க் குளி."

"எப்பக் கெட்டுச்சு?"

நான் பிரேக்கர் பெட்டியை மூடினேன்.

"அத்தை, உங்கிட்ட மீட்டர் இருக்குல்ல. வச்சுப் பாரு."

"வேண்டாம் கண்ணு."

"வச்சுப் பாரு. இல்லேன்னா நான் கையை வச்சுப் பாப்பேன்."

செய்யக்கூடியவள்தான். பின்கட்டில் நான் இறக்கிய செம்புக் கம்பி அங்கேயேதான் இருந்தது. ஜன்னல் வழியாக ஒயரை இழுத்தேன். அவளைக் கூடத்திலேயே நிற்கச் சொல்லிவிட்டு, கையில் ரப்பர் உறை போட்டுக்கொண்டு, மீட்டரின் ஒரு முனையை அந்த ஒயரிலும் மறு முனையை ஷவர் குழாயிலும் மாட்டினேன். வெளியே வந்தேன். பிரேக்கரைத் தூக்கினேன். இரண்டு பேரும் வாசலுக்கு இந்தப் பக்கமே நின்று எட்டிப் பார்த்தோம். நூற்று ஏழு. ஒன்றுகூட ஏறி இறங்காமல் நூற்று ஏழிலேயே நின்றது. பிரேக்கரைத் திரும்ப இறக்கினேன்.

சுவரில் ஹீட்டர் சுவிட்சுப் பெட்டி மூடியில்லாமல் திறந்து கிடந்தது. உள்ளே வெட்டுப்பட்ட பச்சை ஒயரின் இரண்டு முனைகளும் எதிரும் புதிருமாக நீட்டிக்கொண்டிருந்தன. ஷூ-ஹான் அதையும் பார்த்தாள். எதையும் அவளுக்கு விளக்க வேண்டியிருக்கவில்லை.

படியில் சத்தம் கேட்டது. அண்ணன் வந்தான். கழுத்தில் யாரோ போட்ட மாலை. "என்னம்மா, இன்னும் குளிக்கலையா? எல்லாரும் கீழ காத்துக்கிட்டு இருக்காங்க, வந்து ஒரு வார்த்தை..." என்றவன் மீட்டரையும் ஒயரையும் பார்த்தான். என் முகத்தைப் பார்த்தான். குளியலறைத் தரையைப் பார்த்தான். அப்படியே வாசற்படியில் உட்கார்ந்துவிட்டான். மாலையைக் கழற்றக்கூடக் கை எழவில்லை.

எனக்கு வாய் நிறையச் சொல்ல இருந்தது. பிளாஸ்டிக் குழாய் போட்டது யார், மணி ஒயர் போட்டது யார், பச்சை ஒயரை வெட்டியது யார் என்று ஒவ்வொன்றாக அவன் மேல் எறிந்திருக்கலாம். ஒன்றும் பொய்யில்லை. எல்லாவற்றுக்கும் சாட்சி அந்தச் சுவரிலேயே இருந்தது. ஆனால் ஷூ-ஹான் அவனிடம் எதுவும் கேட்கவில்லை. அதுவரை அவனுக்கு உறைக்கவே இல்லை என்பது அவளுக்கு அவன் உட்கார்ந்த விதத்திலேயே தெரிந்துவிட்டது. அவள் என் பக்கம் திரும்பினாள்.

"எப்பத்திலேர்ந்து தெரியும், அத்தை?"

கீழே இன்னொரு சரம் வெடித்தது. அது முடியும்வரை காத்திருந்தாள். நானும் அது முடியாமல் இருக்கட்டும் என்று காத்திருந்தேன்.

"வியாழக்கிழமை" என்றேன். "மத்தியானம் மூணு மணிக்கு."